பழைய ஒலித்தட்டைப் படிக்க ஊசியா, ஒளியா?

ஆவணக்காப்பகங்களில் இருக்கும் மெழுகு உருளைகளையும் இசைத்தட்டுகளையும் கணினிக் கோப்பாக மாற்ற இன்று இரண்டு வழிகள். ஊசியை வைத்து ஓடவிடுவது ஒன்று. ஒலி பதிந்திருக்கும் பள்ளத்தை நுணுக்கமாகப் படமெடுத்து, படத்திலிருந்தே ஒலியைக் கணக்கிட்டு எடுப்பது மற்றொன்று. அமெரிக்காவின் லாரன்ஸ் பெர்க்லி ஆய்வகத்தில் இயற்பியலாளர்கள் கார்ல் ஹேபரும் விட்டாலி ஃபடேயெவும் தொடங்கிய ஐரீன் என்ற கருவி இந்த இரண்டாவது வகை.

புதிது என்பதால் ஒளிதான் மேல் என்றில்லை. முழுசாக இருக்கும் அரக்கு (ஷெல்லாக்) இசைத்தட்டுக்கு நான் ஊசியைத்தான் சொல்வேன். மூன்று நிமிடப் பாட்டு மூன்று நிமிடத்தில் பதிவாகிவிடும். கழுவுவதற்கும் ஊசி பொருத்துவதற்கும்தான் கூடுதல் நேரம். மிச்சமிருக்கும் தூசியை ஊசி ஒதுக்கிவிட்டுப் போகும். கேமராவுக்கோ தூசியும் பள்ளமும் ஒன்றுதான். அது இரைச்சலாக வந்து நிற்கும்.

ஆனால் ஊசியில், இயக்குபவரின் அன்றைய முடிவு கோப்பிலேயே உறைந்துவிடுகிறது. நிமிடத்துக்கு 78 சுற்று என்பதால் 78 என்று பெயர் பெற்ற தட்டுகளில் பல அந்த வேகத்தில் பதிந்தவை அல்ல. வேகத்தைப் பிறகு கணினியில் திருத்தலாம். ஆனால் தேய்ந்த பள்ளத்துக்குப் பொருந்தாத ஊசிமுனையை வைத்திருந்தால், தட்டை மறுபடி ஓட்டியே ஆக வேண்டும்.

மெழுகு உருளையில் ஒலி பக்கவாட்டில் இல்லை, ஆழத்தில் பதிந்திருக்கிறது. ஆகவே முப்பரிமாணமாக அளக்க வேண்டும். அது மெதுவான வேலை. விரிசலும் பூஞ்சையும் இல்லாத உருளைக்கு, ஹென்றி ஷமூவின் ஆர்க்கியோஃபோன் போல எடை குறைந்த முள்ளோடு ஓடும் மின்கருவியே போதும்.

லாக்கர் தட்டு வேறு கதை. அலுமினியத்தின் மேலோ கண்ணாடியின் மேலோ பூசிய அந்தப் பூச்சில் மென்மைக்காகச் சேர்த்த ஆமணக்கெண்ணெய் சிதைந்து வெள்ளையாகப் பூக்கும். பூச்சு சுருங்கி உரியும். உரிந்ததில் ஊசி வைத்தால் இருப்பதும் போகும். இங்கே ஒளிக்குப் போட்டியே இல்லை. 1885-இல் பதிந்த கிரகாம் பெல்லின் குரல் 2013-இல் கேட்டது இப்படித்தான். புகைக்கரி படிந்த தாளில் 1860-இல் கோடாக வரைந்த பாட்டை 2008-இல் ஒலிக்கவைத்ததும் படத்திலிருந்துதான். அதில் ஊசி வைக்கப் பள்ளமே கிடையாது.

ஒன்றுக்குத்தான் பணம் இருக்கிறதென்றால் நல்ல ஊசிமேசையும் (டர்ன்டேபிள்) அதை இயக்கத் தெரிந்த ஆளும் முதலில். உரியத் தொடங்கிய தட்டுகளை மட்டும் பிரித்து, ஒளிக்கருவி உள்ள கூடத்துக்கு அனுப்பலாம். 96 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் ஒலிக்கோப்போடு மூலப் படங்களையும் கேட்டு வாங்குங்கள்: மேலான மென்பொருள் வந்தால் தட்டைத் தொடாமலே திரும்பவும் ஒலி எடுக்கலாம்.