25 லட்சம் வீட்டுக்கடன்: எந்த வழியில் வாங்கினால் மொத்தம் எவ்வளவு போகும்?

கும்பகோணம், மன்னார்குடி, மயிலாடுதுறை என்று எந்த ஊரில் புதுமனைப் புகுவிழாவுக்குப் போனாலும் பந்தியில் ஒருவராவது கேட்டுவிடுவார்: "மாசம் எவ்வளவு கட்டுறீங்க?" கடன் வாங்கப் போகிறவரும் அதைத்தான் கேட்கிறார், கடன் கொடுக்கிறவரும் அதைத்தான் சொல்கிறார். கட்டி முடிக்கும்போது கையிலிருந்து மொத்தம் எவ்வளவு போயிருக்கும் என்ற பேச்சே வருவதில்லை. நம் பக்கத்தில் வீடுதான் ஒரு குடும்பம் வாழ்நாளில் செய்யும் ஆகப் பெரிய செலவு. அதனால் ஒரே தொகையை வைத்து, ஒவ்வொரு வழியிலும் எவ்வளவு போகிறது என்று பார்த்துவிடலாம்.

கடன் 25 லட்சம், வட்டி 8.5 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். உங்களுக்குச் சொன்ன வட்டி கொஞ்சம் கூடக் குறைய இருக்கலாம். கணக்கின் போக்கு மாறாது.

முதலில் காலம். 15 வருடம் என்றால் தவணை 24,618 ரூபாய், மொத்த வட்டி 19.3 லட்சம். 20 வருடம் என்றால் தவணை 21,696, வட்டி 27 லட்சம். 30 வருடம் என்றால் தவணை 19,223, வட்டி 44.2 லட்சம்.

இருபதையும் முப்பதையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மாதத்துக்கு 2,473 ரூபாய் குறைகிறது. அந்தச் சலுகைக்குக் கூடுதலாகக் கொடுப்பது 17 லட்சம். முப்பது வருடக் கடனை நான் யாருக்கும் சொல்ல மாட்டேன். நாற்பது வயதில் வாங்கினால் எழுபது வரை கட்ட வேண்டும். ஓய்வூதியம் இல்லாத வீட்டில் அந்தப் பாரம் பிள்ளைகள் தலையில்தான் விழும்.

பதினைந்தா, இருபதா என்பதில்தான் யோசிக்க நிறைய இருக்கிறது. அதற்கு, கடன் கணக்கு உள்ளே எப்படி நடக்கிறது என்று தெரிய வேண்டும். 20 வருடக் கடனின் தவணை அட்டவணையைக் கேட்டு வாங்கி முதல் வரியைப் பாருங்கள். கட்டிய 21,696 ரூபாயில் வட்டிக்குப் போனது 17,708, அசலில் கழிந்தது 3,988. ஐந்து வருடம் ஒரு மாதம்கூடத் தவறாமல் கட்டினால் 13 லட்சம் கட்டியிருப்பீர்கள். அப்போதும் பாக்கி 22 லட்சத்துக்கு மேல் நிற்கும். 13 லட்சம் கட்டி 3 லட்சம்கூடக் குறையவில்லையே என்று அங்கேதான் பலருக்கு வயிறு எரிகிறது. இதில் யாரும் ஏமாற்றவில்லை, பாக்கி அசலுக்கு மாதாமாதம் வட்டி போடும் முறை இதுதான். ஆனால் இதே முறைதான் ஆரம்பத்திலேயே அசலைக் கழிப்பவருக்குப் பெரிய லாபத்தையும் தருகிறது.

டெல்டாவில் பணம் வரும் விதத்தை இங்கே சேர்த்துப் பார்க்க வேண்டும். ஆசிரியர், அரசு ஊழியர், வங்கி ஊழியர் வீட்டில் சம்பளம் மாதா மாதம் வருகிறது. நிலம் வைத்திருப்பவருக்குக் குறுவை அறுப்பு முடிந்து ஒரு தடவை, சம்பா, தாளடி அறுத்து தை, மாசியில் ஒரு தடவை என்று பணம் மொத்தமாக வருகிறது. பலர் வீட்டில் இரண்டும் உண்டு. மேட்டூர் ஜூன் 12-ல் திறக்கும் வருடமும் உண்டு, தள்ளிப்போகும் வருடமும் உண்டு. மழையில் கதிர் சாய்ந்த வருடத்தில் தவணை கட்டுவதே பெரிய பாடு.

அதனால் இப்படிப்பட்ட குடும்பத்துக்கு நான் சொல்வது: 20 வருடத்துக்குக் கடன் வாங்குங்கள், கட்டுவதைப் பதினைந்து வருடக் கடன்போலக் கட்டுங்கள். கட்டாயத் தவணை சிறியதாக இருக்கட்டும், நல்ல வருடத்தில் கூடக் கட்டுங்கள். வருடத்துக்கு ஒரே ஒரு தவணை அதிகமாகக் கட்டினாலே 20 வருடக் கடன் 17 வருடத்துக்குள் முடிந்துவிடும். வட்டியில் 5 லட்சத்துக்கு மேல் மிச்சம். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்ட அபராதம் கிடையாது. யாராவது கேட்டால் எழுத்தில் தரச் சொல்லுங்கள்.

கொள்முதல் நிலையத்தில் போட்ட நெல்லுக்குப் பணம் கணக்கில் ஏறியதும் ஒரு லட்சத்தை எடுத்துக்கொண்டு கிளைக்குப் போகிறீர்கள் என்று வையுங்கள். கடன் வாங்கி ஐந்து வருடம் ஆகியிருக்கிறது. கவுன்ட்டரில், "தவணையைக் குறைக்கணுமா, காலத்தைக் குறைக்கணுமா சார்?" என்று கேட்பார்கள். சில இடத்தில் கேட்காமல் அவர்களே ஒன்றைப் போட்டுவிடுவதும் உண்டு. தவணையைக் குறைத்தால் மாதத்துக்கு 985 ரூபாய் குறையும், கடைசிவரை சேர்த்துப் பார்த்தால் வட்டியில் மிச்சம் 77,000. தவணையை அப்படியே விட்டுக் காலத்தைக் குறைத்தால் 15 மாதத் தவணை காணாமல் போகும், மிச்சம் 2.38 லட்சம். கொண்டுபோனது அதே ஒரு லட்சம்தான். "காலத்தைக் குறைங்க" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டு, புது அட்டவணையைக் கையோடு வாங்கிக்கொண்டு வாருங்கள்.

கணவன், மனைவி இரண்டு பேரும் அரசுச் சம்பளம், நிலத்தில் வரும் பணத்தை எதிர்பார்த்து வீடு நடக்கவில்லை என்றால் யோசிக்கவே வேண்டாம், 15 வருடம்தான்.

அடுத்தது, யாரிடம் வாங்குவது. பெரிய வித்தியாசம் இங்கேதான் வருகிறது. மளிகைக் கடை, வெற்றிலைக் கொடிக்கால், பாத்திர வியாபாரம் என்று நல்ல வருமானம் இருந்தும் வருமான வரி தாக்கல் செய்யாதவர்கள் நம் ஊர்களில் ஏராளம். வங்கியில் காகிதம் கேட்டு நாலு தடவை அலைந்து சலித்தவரிடம், வீட்டு நிதி நிறுவனத்தின் ஏஜென்ட் கடைக்கே வந்து, "அண்ணே, ஒரு வாரத்துல சாங்ஷன்" என்கிறார். வட்டி 12 சதவீதம். அதே 25 லட்சம், அதே 20 வருடம். தவணை 27,527, மொத்த வட்டி 41 லட்சம். வங்கியைவிட 14 லட்சம் அதிகம். கடையிலேயே வந்து கையெழுத்து வாங்கிக்கொண்டு போனதற்கு 14 லட்சம்.

அதற்காக அந்த நிறுவனங்களை ஒதுக்கச் சொல்லவில்லை. வங்கி வாசலே திறக்காதவருக்கு வீடு என்ற ஒன்று கிடைப்பது அவர்களால்தான். ஆனால் அதை இருபது வருட உறவாக்கிக்கொள்ளக் கூடாது. கடன் வாங்கிய அன்றே ஆடிட்டரைப் பார்த்து வருமான வரி தாக்கலைத் தொடங்குங்கள். மூன்று வருடம் சரியாகக் கட்டிவிட்டு வங்கிக்கு மாற்றினால் கணக்கு எப்படி இருக்கும்? அப்போது பாக்கி ஏறத்தாழ 23.9 லட்சம். வங்கியில் 8.5 சதவீதத்துக்குப் போய், பழகிப்போன அதே 27,527-ஐத் தொடர்ந்து கட்டினால் மீதி 17 வருடக் கடன் பதினொன்றே கால் வருடத்தில் முடியும். 18 லட்சத்துக்கு மேல் மிச்சம். செயலாக்கக் கட்டணம், வக்கீல் கட்டணம், எம்.ஓ.டி. (பத்திரத்தை அடமானமாக ஒப்படைத்ததற்கான ஆவணம்) பதிவு எல்லாவற்றையும் மறுபடி செய்ய வேண்டும்தான், ஆனால் இந்த மிச்சத்தின் முன்னால் அவையெல்லாம் சில்லறை. தவணை குறைந்துவிட்டதே என்று சின்னத் தவணைக்கு ஒப்புக்கொண்டால் மட்டும் இந்த லாபத்தில் கணிசமான பகுதி போய்விடும்.

கோயில் மனையில் வீடு இருப்பவர்களுக்கு இந்த ஒப்பீடே வேறு. அடிமனை கோயிலுக்கு, கட்டடம் மட்டும் நமக்கு என்ற நிலையில் அடமானம் வைக்க மனை நம்முடையது இல்லை. வங்கி வீட்டுக்கடன் கிடைப்பது அரிது. அங்கே கட்டுவது பெரும்பாலும் நகையை வைத்து, சீட்டு எடுத்து. அதனால் இந்த ஊர்களில் மனை வாங்குமுன் அடிமனை யாருடையது என்று பார்ப்பதே கடன் செலவைத் தீர்மானித்துவிடுகிறது.

நிலையான வட்டியா, மாறும் வட்டியா? 2019 அக்டோபர் முதல் வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக்கடன்களை ரெப்போ (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் கொடுக்கும் வட்டி) போன்ற வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும். ரெப்போ இறங்கினால் நமக்கும் இறங்கும், ஏறினால் நமக்கும் ஏறும். ஏறினால் எப்படி இருக்கும் என்று 2022-ல் பார்த்தோம். மே மாதம் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆனது. 7 சதவீதத்தில் 25 லட்சம் வாங்கியவரின் தவணை 19,382. வட்டி 9.5 ஆனால் 25 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி மட்டுமே 19,792. அதாவது கட்டும் தவணை வட்டிக்கே போதாது. அந்தச் சமயத்தில் பலருக்குத் தவணை ஏறாமல் காலம் மட்டும் சத்தமில்லாமல் நீண்டுபோனது. இதற்குப் பிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி விதி போட்டது: வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்ற தேர்வைக் கடன்தாரருக்குக் கொடுக்க வேண்டும். இவ்வளவுக்குப் பிறகும் நான் மாறும் வட்டி பக்கம்தான். நிலையான வட்டி ஆரம்பத்திலேயே கூடுதல், "நிலையான" என்பது பல திட்டங்களில் முதல் சில வருடங்களுக்கு மட்டும், முன்கூட்டிக் கட்டினால் அபராதம் வரவும் வாய்ப்புண்டு. வருடத்துக்கு ஒருமுறை கணக்கு அறிக்கை எடுத்து, மீதித் தவணைகள் எத்தனை என்று மட்டும் பார்த்துவிடுங்கள்.

முழு வீட்டையும் ஒரே மூச்சில் கட்டுவதா, கீழ்த்தளத்தை மட்டும் கட்டிவிட்டு நிறுத்துவதா என்பதை ஒருவரும் கடன் ஒப்பீடாகப் பார்ப்பதில்லை. 25 லட்சத்துக்குப் பதில் 15 லட்சம் மட்டும் வாங்கிப் பத்தே வருடத்தில் முடித்தால் தவணை 18,598, மொத்த வட்டி 7.3 லட்சம். தவணையும் குறைவு, காலமும் பாதி. "பத்து வருஷம் கழிச்சு மாடி கட்டினா விலை ஏறிடாதா?" என்று கேட்பீர்கள். ஏறும். இன்று 10 லட்சத்தில் முடியும் மாடி வேலை வருடம் 6 சதவீதம் ஏறினால் 18 லட்சத்தைத் தொடும். இரண்டு தவணைக்கும் உள்ள வித்தியாசத்தைப் பத்து வருடம் சேர்த்து வைத்தால் வட்டியைக் கணக்கில் எடுக்காமலே 3.7 லட்சம். மீதிக்கு அப்போது பத்து வருடக் கடன் வாங்கினாலும், இரண்டு கடனுக்கும் கட்டியதோடு அந்தச் சேமிப்பையும் சேர்த்து 47 லட்சம் ஆகிறது. ஒரே மூச்சில் கட்டினால் 52 லட்சம். பிள்ளைகள் சென்னைக்கோ சிங்கப்பூருக்கோ போய்விட்டால் மாடியே தேவைப்படாமலும் போகலாம்.

ஒன்றில் மட்டும் சிக்கனம் பார்க்காதீர்கள். நம் களிமண் மழையில் உப்பும், வெயிலில் வெடிக்கும். மாடி எழுப்பும் எண்ணம் இருந்தால் மண்ணைச் சோதித்து, இரண்டு தளத்துக்கும் தாங்கும் அஸ்திவாரமும் தூணும் இப்போதே போட்டாக வேண்டும்.

கட்டும்போது வேலை நடக்க நடக்கத்தான் வங்கி பணம் விடும். வீடு முடியும்வரை விட்ட பணத்துக்கு வட்டி மட்டும் கட்டிக்கொண்டிருப்போம். 15 லட்சம் வாங்கியபின் ஐப்பசி, கார்த்திகை அடைமழையில் வேலை மூன்று மாதம் நின்றால், மாதம் 10,625 வீதம் கிட்டத்தட்ட 32,000 ரூபாய் அசலில் ஒரு ரூபாய்கூடக் கழியாமல் போகும், வாடகை தனி. தை பிறந்ததும் தொடங்கி ஆவணிக்குள் கூரை போட்டுவிடுவது நல்லது.

காப்பீட்டை விற்கும் விதமும் மொத்தச் செலவைக் கூட்டும். கடனோடு சேர்த்து ஒரே பிரீமியமாக 75,000 ரூபாய் என்று சொல்லி, அதையும் கடன் தொகையிலேயே ஏற்றிவிடுவார்கள். 20 வருடத்தில் அது 1.56 லட்சம். கடன் கொடுப்பவரிடமே வாங்க வேண்டும் என்று கட்டாயம் இல்லை. ஒருவர் சம்பாத்தியத்தில் நடக்கும் வீட்டுக்கு ஆயுள் காப்பீடு அவசியம்தான், தனி டெர்ம் பாலிசியாக விலை கேட்டு ஒப்பிட்டு வாங்குங்கள். கட்டடத்துக்கும் காப்பீடு போடுங்கள். 2018 நவம்பர் 16-ல் கஜா வேதாரண்யம் பக்கம் கரையேறிய பிறகு கூரை போன வீட்டுக்கும் தவணை தேதி தவறாமல் வந்தது.

வரி மிச்சத்தை நம்பிக் கடனைக் கூட்டாதீர்கள். புதிய வரி முறையில் குடியிருக்கும் வீட்டுக்கான வட்டிக் கழிவு இல்லை. பிரதமரின் நகர்ப்புற வீட்டுத் திட்டமான ஆவாஸ் திட்டம் 2.0-இல் வருட வருமானம் 9 லட்சத்துக்குள் இருந்து, சொந்தப் பக்கா வீடு இல்லாதவருக்கு, விதிகளுக்கு உட்பட்டு 1.80 லட்சம் வரை வட்டி மானியம் உண்டு. கடன் 25 லட்சத்தையும் வீட்டு மதிப்பு 35 லட்சத்தையும் தாண்டக் கூடாது. தஞ்சாவூர், கும்பகோணம் மாநகராட்சி எல்லைக்குள் இருப்பவர்கள் கேட்டுப் பார்க்கலாம்.

இரண்டு இடத்தில் கடன் கேட்டிருந்தால், கையெழுத்துக்கு முன் இரண்டு பேரிடமும் முக்கிய விவரத் தாளை வாங்குங்கள். 2024 அக்டோபர் முதல் புதுக் கடன்களுக்கு அதைத் தருவது கட்டாயம். கட்டணங்களையும் சேர்த்த வருடாந்திர வட்டி விகிதம் அதில் இருக்கும். அந்த எண்ணை வைத்துதான் ஒப்பிட வேண்டும், விளம்பரத்தில் வரும் வட்டியை வைத்து அல்ல.

கடைசித் தவணை கட்டிய பிறகும் வேலை இருக்கிறது. மூலப்பத்திரங்களை 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும். அவர்கள் தவறால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் நமக்குத் தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் 1 முதல் விதி. பத்திரம் கைக்கு வந்ததும் பலர் நிறுத்திக்கொள்கிறார்கள். எம்.ஓ.டி. பதிவான சார்பதிவாளர் அலுவலகத்தில் கடன் தீர்ந்ததற்கான ரசீதையும் பதிவு செய்துவிட்டு, வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். அடமானம் மட்டும் பதிவாகி, ரத்து பதிவாகாமல் இருந்தால், பிற்பாடு விற்கும்போதோ பிள்ளை அதே வீட்டின் மேல் கடன் கேட்கும்போதோ வேலை அங்கேயே நின்றுவிடும்.