கல்லு பூத்துப் போச்சு: கிறிஸ்டல் பிளேயரோடு பதினோரு வருஷம்

பெரியப்பா திருமங்கலம் பக்கம் ரேடியோ செட் வைத்திருந்தவர். கல்யாணம், காதுகுத்து, முளைப்பாரி, எதற்குக் கூப்பிட்டாலும் குழாயும் தட்டுப்பெட்டியும் கட்டிக்கொண்டு கிளம்பிவிடுவார். 2013-இல் அவர் வீட்டைப் பிரித்துக் கட்டும்போது, பிளேயரும் அறுபது எழுபது இசைத்தட்டுகளும் என் பங்குக்கு வந்தன. பங்கு என்ன பங்கு, வேறு யாரும் கேட்கவில்லை.

மதுரைக்குக் கொண்டுவந்து போட்டால் ஸ்பீக்கரில் சத்தமே இல்லை. தட்டு சுற்றுகிறது, முள் ஓடுகிறது, காதைக் கிட்டே கொண்டுபோனால் முள்ளிலிருந்தே கொசு பாடுவது போலப் பாட்டு கேட்கிறது. மெக்கானிக் அண்ணன் ஒருவர் முள் மாட்டியிருந்த கார்ட்ரிட்ஜைப் பிரித்து வெளிச்சத்தில் பிடித்தார். கண்ணாடிச் சில்லு மாதிரி இருக்க வேண்டிய இடத்தில் வெள்ளைப் பொடி.

“கல்லு பூத்துப் போச்சு தம்பி.”

கல் என்றால் கிறிஸ்டல், அதாவது படிகம். அதுவரை எனக்கு உள்ளே கல் இருப்பதே தெரியாது. பாட்டு இருப்பது தட்டின் பள்ளத்தில், நெளிவாக. முள் அந்த நெளிவில் ஆடும்போது கல் முறுக்கப்படுகிறது. முறுக்கினால் அதிலிருந்து மின்சாரம் வருகிறது. 1880-இல் பிரான்ஸில் பியர் கியூரியும் அவர் அண்ணன் ஜாக் கியூரியும் கண்டுபிடித்த சங்கதி இது. குவார்ட்ஸில் பார்த்தார்கள், டூர்மலினில் பார்த்தார்கள், கரும்புச் சர்க்கரைப் படிகத்திலும் பார்த்தார்கள். நம் கல்கண்டுக்கும் இந்தக் குணம் உண்டு என்று தெரிந்த அன்று பூஜை அலமாரியை வேறு கண்ணால் பார்த்தேன்.

பிளேயர் கார்ட்ரிட்ஜில் இருக்கும் கல் ரோஷெல் உப்பு. லா ரோஷெல் என்ற பிரெஞ்சு ஊரில் முதலில் செய்தது, ஒரு காலத்தில் பேதி மருந்தாகக் கொடுத்தது. சோடியமும் பொட்டாசியமும் டார்டாரிக் அமிலத்தோடு சேர்ந்த உப்பு. அந்த அமிலம் வேறு எதுவுமில்லை, நம் புளியில் இருக்கிற புளிப்புதான்.

இதன் பலம் வோல்டேஜ். கல்லுக்குப் பதில் காந்தமும் கம்பிச்சுருளும் வைத்த காந்தக் கார்ட்ரிட்ஜ் சில மில்லிவோல்ட் கொடுக்கிற இடத்தில் இது ஒரு வோல்ட்டுக்குப் பக்கத்தில் தரும். சன்னமான சிக்னலை முதலில் பெருக்கித் தரும் ப்ரீஆம்ப் தனியாக வேண்டாம். பெரியப்பா மாதிரி ஆட்கள் சின்ன முதலில் தொழில் நடத்த முடிந்ததற்கு இதுவும் ஒரு காரணம். ஆனால் இப்போதைய ஆம்ப்ளிஃபையரில் அப்படியே சொருகாதீர்கள். நான் சொருகினேன், தவில் எல்லாம் தகர டப்பா ஆகிவிட்டது. இந்தக் கல்லைச் சொருகும் இடத்தில் ஒரு மெகாஓம், அதாவது பத்து லட்சம் ஓம் அளவுக்கு மின்தடை இருக்க வேண்டும். குறைந்தால் முதலில் தொலைவது பேஸ் என்கிற அடிக்கனமான ஒலி. அண்ணன் ஒரு சின்னச் சர்க்யூட் போட்டுக் கொடுத்தார், தவில் திரும்பி வந்தது.

சரி, குறைக்கு வருவோம். இந்த உப்பு தனக்குள் தண்ணீரைப் பிடித்து வைத்திருக்கிறது. காற்று ரொம்பக் காய்ந்தால் தண்ணீரை விட்டுப் பொடியாகிவிடும், ரொம்ப ஈரமானால் மழைக்கால வெல்லம் போல இளகும். 55 டிகிரி சூட்டில் கட்டே குலைந்துவிடும். கத்திரியும் ஐப்பசி அடைமழையும் மாறிமாறி வருகிற ஊரில் இதை வைத்துக் காப்பாற்ற வேண்டும்.

இரண்டாவது கார்ட்ரிட்ஜைக் கொன்றது நான்தான். ஈரம் ஆகாது என்று மட்டும் கேள்விப்பட்டு, செருப்புப் பெட்டியில் வரும் சிலிக்கா ஜெல் பொட்டலம் நாலைந்தை அதோடு டப்பாவில் போட்டு மூடி, மாடி அறையில் வைத்தேன். மேலே ஆஸ்பெஸ்டாஸ் கூரை. 2015 கத்திரி முடிந்து திறந்தால் மறுபடியும் பூத்திருந்தது. மூன்றாவதை ஆன்லைனில் ‘பெட்டி பிரிக்காத பழைய ஸ்டாக்’ என்று வாங்கினேன். பெட்டி பிரிக்காததுதான், உள்ளே கல் எப்போதோ செத்திருக்கிறது. காசு திரும்ப வரவில்லை. ஓட்டிக் காட்டாமல் கிறிஸ்டல் வாங்காதீர்கள். ஓடாமல் சும்மா இருந்தாலும் அதற்கு வயசாகும்.

நான்காவது 2016-இலிருந்து ஓடுகிறது. கீழ்வீட்டு உள்ளறையில், அரிசி டிரம் பக்கத்தில், மூடி இறுக்கமான எவர்சில்வர் சம்படத்தில் வாசம். கேட்கும்போது மட்டும் மாட்டுவேன்.

சத்தம் எப்படி? நிமிஷத்துக்கு 78 சுற்று சுற்றும் பழைய அரக்குத் தட்டுகளுக்கு, அதாவது 78 தட்டுகளுக்கு, இதை விட்டால் எனக்கு வேறு பிடிக்கவில்லை. அரக்குத் தட்டு என்றாலே இரைச்சல் உண்டு. இந்தக் கல்லுக்கு உச்ச ஒலிகளில் காது கொஞ்சம் மந்தம், அதனால் பாதி இரைச்சல் அமுங்கிக் குரல் முன்னால் வந்து நிற்கிறது. பெரியப்பா பெட்டியில் எம்.எஸ். சுப்புலட்சுமியும் டி.எம். சௌந்தரராஜனும் அதிகம். ஒருவர் 1916-இல், மற்றவர் 1922-இல், இருவருமே இந்த ஊரில் பிறந்தவர்கள். மூன்று நிமிஷத்துக்கு ஒரு முறை எழுந்து தட்டைத் திருப்ப வேண்டும், முழங்காலுக்கு நல்லது.

மெதுவாகச் சுற்றி நீண்ட நேரம் பாடும் பிளாஸ்டிக் தட்டான எல்.பி.க்கு மட்டும் வேண்டாம். நகைக்கடைத் தராசு மாதிரி ஒரு குட்டித் தராசில் வைத்துப் பார்த்தேன், முள் ஏழு கிராம் அழுத்துகிறது. நல்ல காந்தக் கார்ட்ரிட்ஜுக்கு இரண்டு கிராம் போதும். எனக்குப் பிடித்த நாதஸ்வர எல்.பி. ஒன்று இப்படித்தான் தேய்ந்து கரகரக்கிறது. இப்போது எல்.பி.க்கு வேறு பிளேயர். இந்த உப்புக் கல்லே வேண்டாம் என்பவர்கள் பீங்கான் மாதிரிப் பொருள் வைத்த செராமிக் கார்ட்ரிட்ஜ் வாங்கலாம், வெயிலுக்கும் மழைக்கும் அசையாது. ஆனால் 78-க்கு அகலமான தனி முள் வேண்டும், அதைக் கேட்டு வாங்குங்கள். எல்.பி. முள்ளை விட்டால் பள்ளத்தின் அடியில் கிடக்கும் தூசியைத்தான் வாசிக்கும்.

அப்புறம் ஒரு விஷயம். போன வருஷம் மகள் பள்ளிக் கண்காட்சிக்காகக் கேக்குக்குப் போடும் க்ரீம் ஆஃப் டார்டாரையும் சலவை சோடாவையும் சுடுதண்ணீரில் கரைத்து, வடிகட்டி ஆறவைத்து ஒரு கல் வளர்த்தாள். பெருவிரல் பருமன், கொஞ்சம் கோணல். இரண்டு பக்கமும் அலுமினியத் தாள் ஒட்டி, ஒயர் வைத்து ஆம்ப்ளிஃபையரில் கொடுத்து, பென்சிலால் தட்டினாள். ஸ்பீக்கரில் டொக் என்றது. “அப்பா, கல்லு பேசுது” என்று அன்று முழுக்கத் தட்டிக்கொண்டே இருந்தாள். அந்தக் கல்லும் இப்போது அதே சம்படத்தில்தான் இருக்கிறது. டப்பாவுக்குள் காற்று காய்ந்தால் முதலில் அது கொஞ்சம் தண்ணீரை விட்டுக் கொடுக்கும் என்ற கணக்கு. இந்தக் கத்திரியில் ஓரத்தில் லேசாக வெளுத்திருக்கிறது. கார்ட்ரிட்ஜ் ஓடுகிறது.