செய்தியா, சொந்தக் கதையா?

பெண்ணை நேசிக்கும் பெண்களைப் பற்றித் தஞ்சாவூரிலிருந்து எழுதும் எனக்கு ஒவ்வொரு முறையும் இந்தக் கேள்வி வந்து நிற்கும்.

செய்திக் கட்டுரைக்கு முதுகெலும்பு உண்டு. 2018இல் உச்ச நீதிமன்றம் ஒருபால் உறவு குற்றமல்ல என்றது. 2021இல் ஒரு பெண் இணையரின் வழக்கில், பாலீர்ப்பை மாற்ற முயலும் சிகிச்சைகளுக்குச் சென்னை உயர் நீதிமன்றம் தடை விதித்தது. 2023இல் உச்ச நீதிமன்றத்தில் ஒருபால் இணையருக்குத் திருமண உரிமை கிடைக்கவில்லை. இதெல்லாம் தெரிந்த பெண், காவல் நிலையத்தில் மிரட்டினால் பதில் பேசுவாள். ஒருத்தியை வீட்டில் பூட்டி வைத்திருக்கும்போது செய்திதான் முதலில் வேண்டும்.

ஆனால் ஊர் மனம் இளகுவது சொந்தக் கதையில்தான். குறுவை நடவு நாளில், வரப்பில் உட்கார்ந்து, தூக்குவாளி மூடியை முந்தானையால் துடைத்து, நான் நேசிக்கும் பெண் எனக்கு மோர் ஊற்றிக் கொடுத்ததை எழுதினேன். அவள் கையில் சேறுகூடக் காயவில்லை. தீர்ப்பு எதையும் படிக்காத என் சித்தி அதைப் படித்துவிட்டு, "இவ்வளவுதானாடி?" என்றார். அப்புறம் வெகுநேரம் என் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார்.

கதையில் ஓர் ஆபத்தும் இருக்கிறது. டெல்டா கிராமங்களில் தெருவைச் சொன்னாலே சாதி தெரிந்துவிடும், ஆளும் தெரிந்துவிடும். அச்சுக்குக் கொடுக்கும் முன் அவளிடம் கேட்டேன்.

"மோரை எழுது. வாய்க்கால் பேரை மட்டும் எழுதாதே" என்றாள்.