மளிகைக் கடைக் கல்லாவில் புதிய ஐநூறு ரூபாய் நோட்டு: என் அனுபவம்

பணமதிப்பிழப்பை அடுத்து 2016 நவம்பரில் வந்த சாம்பல் நிற ஐநூறு ரூபாய் நோட்டை அன்றிலிருந்து கடைக் கல்லாவில் வாங்கிப் போட்டுக்கொண்டிருக்கிறேன். அதிலுள்ள பாதுகாப்பு அம்சங்கள் என்று ரிசர்வ் வங்கி தரும் பட்டியல் நீளமானது. சாயங்காலக் கூட்டத்தில் எனக்குக் கைகொடுப்பவை இரண்டுதான்: தாளின் மொடமொடப்பு, காந்தி படத்துக்குப் பக்கத்தில் ஓடும் இழை.

இழைக்கு முழு மதிப்பெண் தரலாம். நோட்டைச் சற்றுச் சாய்த்தால் பச்சை நீலமாக மாறும். அதில் இந்தியில் 'பாரத்' என்றும், ஆங்கிலத்தில் ஆர்பிஐ என்றும் இருக்கும். கலர் ஜெராக்ஸில் இந்த நிறமாற்றம் வராது. கீழே வலப்பக்கம் உள்ள ₹500 எண்ணும் இதே போல நிறம் மாறும் மையில் அச்சானதுதான். ஆனால் கைமாறிக் கைமாறி அழுக்கேறிய நோட்டில் அது மங்கிவிடுகிறது, இழை அவ்வளவாக மங்குவதில்லை. இழை காந்தி படத்தை ஒட்டி இருந்தால் கள்ளநோட்டு என்று வாட்ஸ்அப்பில் வந்ததை நம்ப வேண்டாம். இரண்டு விதமும் செல்லும்.

வெளிச்சத்தில் பிடித்தால் தெரியும் காந்தி நீர்க்குறியும் நம்பகமானது. ஆனால் வாடிக்கையாளர் முன்னால் நோட்டைத் தூக்கிப் பிடித்துப் பார்த்தால் அவர் முகம் சுருங்கும். சந்தேகம் வந்தால் மட்டும் அதைச் செய்கிறேன். சாய்த்துப் பார்த்தால் தெரியும் மறை எண், பொடி எழுத்துகள் இதெல்லாம் கடைக்கு ஆகாது. லென்ஸ் வைத்துக்கொண்டு பருப்பு எடை போட முடியுமா?

கள்ளநோட்டைக் கண்டுபிடிக்க வைக்கும் நீல விளக்கு (புற ஊதா விளக்கு) பற்றி ஒரு எச்சரிக்கை. நல்ல நோட்டின் தாள் அதில் மங்கலாகவே இருக்கும், வரிசை எண்களும் தாளிலுள்ள நுண்ணிய நார்களும் ஒளிரும். சாதாரணத் தாள் பளிச்சென்று மின்னும். ஆனால் சட்டைப் பையோடு வாஷிங் மிஷினில் போய் வந்த நல்ல நோட்டும் சோப்புத்தூள் ஏறி மின்னும். விளக்கை மட்டும் நம்பி ஒருவரைக் கள்ளநோட்டுக்காரர் ஆக்கிவிடக் கூடாது.

எனக்குள்ள பெரிய குறை அளவில்தான். பழைய ஐநூறு 167 மி.மீ. நீளம், 73 மி.மீ. அகலம். புதியது 150-க்கு 66. பர்ஸில் வசதியாக உட்காருகிறது, சரி. ஆனால் இருநூறு 146, நூறு 142. அகலம் மூன்றுக்கும் ஒன்றே. நான்கு மில்லிமீட்டரை விரலால் எப்படிப் பிரிப்பது? எங்கள் கடைக்கு வரும் பார்வையற்ற அண்ணன் ஒருவர் நோட்டுகளை ஒன்றன்மேல் ஒன்று வைத்துத்தான் அளக்கிறார். அவருக்காகவே இரு ஓரங்களிலும் ஐந்து சாய்கோடுகளும் வலப்பக்கம் ஒரு வட்டமும் மேடாக அச்சிடப்பட்டிருக்கின்றன. புது நோட்டில் அருமையாகத் தட்டுப்படும். கொஞ்ச நாள் புழங்கினால் தேய்ந்து வழவழவென்று ஆகிவிடும். நோட்டைக் கேமராவில் காட்டினால் மதிப்பைச் சொல்லும் 'மணி' செயலியை 2020-இல் ரிசர்வ் வங்கி வெளியிட்டது. நல்ல ஏற்பாடுதான், ஆனால் பஸ்ஸில் நின்றுகொண்டு போனை எடுக்க முடியாதே.

நிறத்தில் ஐநூறு தப்பித்தது. மஞ்சள் இருநூறும் பச்சை கலந்த மஞ்சள் இருபதும் டியூப்லைட்டில் படுத்தும் பாடு கல்லாவில் உட்கார்ந்தவர்களுக்குத்தான் தெரியும்.

கிழிந்த ஐநூறை நாங்கள் வாங்குவதில்லை. வங்கியில் மாற்றலாம்: நோட்டின் மொத்தப் பரப்பு 99 சதுர செ.மீ., அதில் ஒரே துண்டாக 80 இருந்தால் முழுப் பணம், 40 இருந்தால் பாதி.

அப்புறம் இந்த நட்சத்திரக் குறி. அச்சில் பழுதான நோட்டுக்குப் பதிலாக அடித்தது என்று காட்டத்தான் வரிசை எண்ணுக்கு நடுவே அந்தக் குறி. 2023-இல் ரிசர்வ் வங்கியே விளக்கம் தந்தும் கேள்வி ஓயவில்லை.

"அண்ணாச்சி, ஸ்டார் போட்டிருக்கே, செல்லுமா?"

"செல்லும்மா. வேண்டாம்னா இங்க குடு, வேற தர்றேன்."