முத்துப்பேட்டை மீன் சந்தைக்குப் பின்னால் ஒரு மடவை ஆணம்

முத்துப்பேட்டை மீன் சந்தையின் பின்புறச் சந்தில் பெயர்ப்பலகை இல்லாத ஒரு சாப்பாட்டுக் கடை இருக்கிறது. கீற்றுக் கொட்டகை, நான்கு பெஞ்சுகள், இரண்டு விறகடுப்புகள். கடையின் உடைமை அவ்வளவுதான். கடந்த ஓராண்டில் ஐப்பசி மழையில் ஒரு முறையும், தை மாதத்தில் ஒரு முறையும், மீன்பிடித் தடைக்காலத்தில் ஒரு முறையும் அங்கே மதிய உணவு சாப்பிட்டேன். விலைப்பட்டியலோ நிலையான உணவு வகைகளோ அங்கே கிடையா. கடலை ஒட்டிய உப்பங்கழியான காயலில் அன்று காலை என்ன கிடைத்ததோ அதுவே மதியம் சட்டியில் இருக்கும். இந்த ஒரு காரணத்துக்காகவே இதைப் பற்றி விரிவாக எழுத வேண்டும் என்று தோன்றியது.

கடையை நடத்துபவர் ஐம்பது வயதைக் கடந்த ஓர் அம்மா. ஊரார் எல்லோரும் அவரை லாத்தா, அதாவது அக்கா, என்றே அழைக்கிறார்கள். நானும் அப்படியே அழைத்தேன். குழம்பை இங்கே ஆணம் என்பார்கள். தை மாதத்தில் நான் சாப்பிட்ட மடவை ஆணத்தைப் போல ஒன்றை வேறெங்கும் சாப்பிட்டதில்லை. மடவை சேற்றில் படிந்திருக்கும் மக்கிய இலைத்துகளையும் பாசியையும் மேய்ந்து வளர்கிற மீன் என்பதால், சரியாகக் கழுவாவிட்டால் சட்டி முழுவதும் சேற்று வாடை ஏறிவிடும். அதன் வயிற்றின் உட்சுவரில் ஒட்டியிருக்கும் கறுப்புத் தோலை லாத்தா கத்தி முனையால் துளி விடாமல் சுரண்டி எடுத்து, கல்லுப்பும் மஞ்சளும் போட்டு உரசி, புளித்தண்ணீரில் ஒரு முறை அலசிய பிறகே சட்டியில் இடுகிறார். புளியும் மிளகாயும் கொதித்து அடங்கிய பின் முதல் தேங்காய்ப்பாலை ஊற்றி, ஒரு கொதி வருவதற்குள் இறக்கிவிடுகிறார். மீன் உடையாமலும் பால் திரியாமலும் இலைக்கு வந்தது. கொழுப்பேறிய வயிற்றுத் துண்டை எனக்கு வைத்துவிட்டு, "மொதல்ல இதச் சாப்புடுங்க தம்பி, ஆறுனா ருசி போயிரும்" என்றார்.

இந்த மீனின் ருசிக்குக் காரணம் கைப்பக்குவம் மட்டுமன்று. நீடாமங்கலம் அருகே மூணாறு தலைப்பில் வெண்ணாற்றிலிருந்து பிரிகிற கோரையாறும் பாமணியாறும் மன்னார்குடிப் பக்கத்து வயல்களுக்குப் பாய்ந்தது போக மிஞ்சிய நீரைக் கொண்டுவந்து, இந்த ஊருக்குத் தெற்கேயுள்ள காயலில் சேர்க்கின்றன. மழைக்காலத்தில் நன்னீர் மிகுந்தும் கோடையில் உப்பு ஏறியும் மாறிக்கொண்டே இருக்கும் அந்த நீரில், கடலில் பிறந்த மடவைக் குஞ்சும் வெள்ளை இறால் குஞ்சும் உள்ளே வந்து, அலையாத்தி மரங்கள் உதிர்க்கும் இலைகள் மக்கிய சேற்றை நம்பி வளர்கின்றன. வளர்ந்த பின் முட்டையிடக் கடலுக்கே திரும்பிவிடும். அந்தப் பயணத்துக்கு முன்பே, காயலிலிருந்து காட்டுக்குள் வெட்டிய வாய்க்கால்களில் மீனை ஏறவிட்டுப் பிடிக்கும் பழைய முறையொன்று இங்கே உண்டு. வலையில் நெடுநேரம் சிக்கி நசுங்காத மீன் என்பதால், வாய்க்கால் மீனின் சதை தனியாகத் தெரியும் என்று எதிரே அமர்ந்து சாப்பிட்ட மீனவர் ஒருவர் சொன்னார். என் நாக்குக்கும் அது உண்மையாகவே பட்டது.

ஐப்பசியில் சென்றபோது கொண்டல் காற்று வீசியதால் படகுகள் போகவில்லை. இருந்தது கெளுத்தி மட்டுமே. ஆணம் நன்றாக இருந்தது, பொரியல் மிளகாய்த்தூளில் மூழ்கியிருந்தது.

தடைக்காலத்து அனுபவத்தை மட்டும் சற்று வருத்தத்தோடு சொல்ல வேண்டியிருக்கிறது. கிழக்குக் கடற்கரையில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகள் கடலுக்குப் போவதில்லை. ஆனால் காயலில் சிறு படகுகளும் வாய்க்கால்களும் ஓய்வதில்லை என்பதால், அந்த நாட்களில்தான் இத்தகைய கடையின் அருமை தெரியும் என்று நம்பிச் சென்றேன். அன்று அங்கே இறால் வாடா போட்டிருந்தார்கள். அரிசிமாவில் தேங்காயும் வெங்காயமும் சேர்த்துத் தட்டி, மேலே ஒரு முழு இறாலைப் பதித்துப் பொரிக்கும் அந்தப் பலகாரத்தின் ஓரம் மொறுமொறுப்பாகவும் நடு மெத்தென்றும் வந்திருந்தது. இறால் மட்டும் சப்பென்று இருந்தது. கேட்டபோது, அது பண்ணையில் வளர்த்த வனாமி என்று லாத்தா மறைக்காமல் சொன்னார். கேட்ட பிறகு சொல்வது போதாது என்பதே என் எண்ணம். காயல் மீனைத் தேடி வருகிறவரின் இலையில் பண்ணை இறாலை வைப்பதற்கு முன்பே அதைச் சொல்லிவிட வேண்டும். அதே நாளில் தட்டில் வந்த நண்டுகளும் உள்ளங்கையில் பாதிகூட இல்லாத குஞ்சுகள். அவற்றை வாங்காமல் விட்டிருந்தால் சில மாதங்களில் நல்ல எடைக்கு வந்திருக்கும், காயலுக்கும் நல்லதாக இருந்திருக்கும். எச்சில் இலைகளோடு நெகிழிப் பைகளும் பின்புற வாய்க்காலில் கிடந்ததைப் பார்த்தபோது இன்னும் வலித்தது, ஏனென்றால் அந்த நீரும் கடைசியில் போய்ச் சேர்வது மடவை மேயும் அதே சேற்றில்தான். இதை லாத்தாவிடம் நேரிலேயே சொன்னேன். அவர் கோபப்படவில்லை, பெருக்குகிற பையனைக் கூப்பிட்டுப் பைகளை எடுக்கச் சொன்னார்.

விலை நியாயமானது. சோறு, ஆணம், ஒரு துண்டு பொரித்த மீன், ரசம் எல்லாம் சேர்த்து 130 ரூபாய் கொடுத்தேன். கொடுவா இருந்தால் துண்டுக்குத் தனி விலை. தேங்காய்ப்பால் முன்பு இதைவிடக் கெட்டியாக இருக்கும் என்று பழைய வாடிக்கையாளர்கள் சொல்கிறார்கள். 2018 நவம்பர் 16 அதிகாலையில் கரையேறிய கஜா புயலில் இந்தப் பகுதியின் தென்னந்தோப்புகள் வேரோடு சாய்ந்தன, அலையாத்திக் காடும் கருகி நின்றது. லாத்தா வீட்டுக் கொல்லையில் இருந்த ஒன்பது மரங்களில் மிஞ்சியது ஒன்று. பிறகு வைத்த கன்றுகள் இப்போதுதான் காய்க்கத் தொடங்கியிருக்கின்றன. அதுவரை விலைக்கு வாங்கிய தேங்காயில்தான் சட்டி ஓடியது என்றார்.

ஜாம்புவானோடை தர்காவுக்கோ, அங்கிருந்து படகேறிக் காயலைப் பார்க்கவோ வருகிறவர்கள் திரும்பும் வழியில் இங்கே சாப்பிடலாம் என்று திட்டமிட்டால் ஏமாற வாய்ப்புண்டு. இரண்டு மணிக்கு மேல் பெரும்பாலும் சட்டி காலியாகிவிடுகிறது. பன்னிரண்டரைக்கே வந்து, இறால் காயலிலிருந்து வந்ததா பண்ணையிலிருந்து வந்ததா என்று முதலில் கேட்டுவிட்டு, மடவை இருந்தால் வேறு எதையும் யோசிக்காமல் அதையே வாங்குங்கள். வெள்ளிக்கிழமைகளில் மட்டும் ஜும்ஆத் தொழுகை முடிந்த பிறகே இலை போடுகிறார்கள்.