மூஸ்ட்ரோம், சேகெர்: இரு ஆட்டவாழ்வுகள்

ஸ்வீடன் மகளிர் கால்பந்தின் நடுக்கள வீராங்கனைகளில் மலின் மூஸ்ட்ரோம், கரோலின் சேகெர் ஆகிய இருவரும் தேசிய அணிக்குத் தலைமை ஏற்றவர்கள் என்றாலும், அவர்கள் சென்ற வழிகள் வேறு.

மூஸ்ட்ரோம் தம் சிறந்த ஆண்டுகள் அனைத்தையும் வடக்கேயுள்ள ஊமெயோ அணிக்கே தந்தார். அங்கிருந்தபடியே 2003, 2004 ஆண்டுகளில் கழக அணிகளுக்கான ஐரோப்பியக் கோப்பையை வென்றார். 2004 இறுதியின் இரு ஆட்டங்களிலுமாக ஃபிராங்க்ஃபர்ட்டை ஊமெயோ 8-0 என வீழ்த்தியது. 2003 உலகக் கோப்பை அரையிறுதியில் கனடாவுக்கு எதிராக ஸ்வீடனின் சமன் கோலை அடித்தவரும் அவரே. 2006 இறுதியில், 31 வயதில், 113 சர்வதேச ஆட்டங்களுடன் விலகினார்.

சேகெரோ ஸ்வீடனின் லின்ஷோப்பிங் அணியிலிருந்து அமெரிக்கா, பாரிஸ், லியோன் என்று சுற்றி, ஸ்வீடனின் ரூசென்கோர்ட் அணியில் ஆட்டத்தை முடித்தார். 240 சர்வதேச ஆட்டங்கள், இரண்டு ஒலிம்பிக் வெள்ளிகள். ஆயினும் 2021-இல் நடந்த டோக்கியோ ஒலிம்பிக்கின் இறுதியில், தங்கத்தை உறுதிசெய்திருக்கக்கூடிய பெனால்டி உதையை அவர் கம்பத்துக்கு மேலே அனுப்பியதையே பலர் முதலில் நினைவுகூர்கிறார்கள், இது நியாயமன்று.

நீடித்த உழைப்பை அளவுகோலாகக் கொண்டால் சேகெருக்கு இணையில்லை. ஆனால், ஓர் அணியையே ஐரோப்பாவின் உச்சியில் நிறுத்தியதில் பெரும்பங்கு வகித்தவர் என்ற வகையில், என் தேர்வு மூஸ்ட்ரோம்தான்.