வால்பாறை மழையும் என் மூன்றடுக்கு ஜாக்கெட்டும்

மழை ஜாக்கெட் வாங்கப் போகிறவர்கள் முதலில் கேட்பது "எத்தனை மில்லிமீட்டர்?" என்றுதான். என்னுடையதில் 20,000 மி.மீ. என்று போட்டிருந்தது. துணிமேல் 20 மீட்டர் உயரத்துக்குத் தண்ணீர் நின்றாலும் கசியாது என்று கணக்கு. வால்பாறை, சின்னக்கல்லார் பக்கம் ஜூலை மழையில் வருடக்கணக்காக இதைப் போட்டு அலைகிறேன். வெளித்துணி, நடுவில் நீர் புகாத மெல்லிய சவ்வு, உள்துணி என்று மூன்றடுக்கு. அந்தச் சவ்வு வழியாக ஒரு சொட்டு இறங்கியதில்லை. ஆனாலும் நனைந்திருக்கிறேன்!

நான்ஸ்டிக் தோசைக்கல்லில் பூசுகிற அதே டெஃப்லான்தான் உள்ளே சவ்வாக இருக்கிறது. 1969-ல் கோர்-டெக்ஸ் துணியைக் கண்டுபிடித்த பாப் கோர் அதைச் சூடாக்கி வெடுக்கென்று இழுத்துப் பார்த்தார். உள்ளே எண்ணற்ற நுண்துளைகள் விழுந்தன. மழைத்துளி அவற்றில் நுழையாது, வியர்வை ஆவி வெளியேறிவிடும். ஆனால் வெளிக்காற்று உள்ளிருப்பதைவிடக் குளிர்ந்து உலர்ந்திருந்தால்தான் ஆவி வேகமாகப் போகும். ஆல்ப்ஸில் சரி. நம் மலையில் மழைக்காலக் காற்றே ஊறிக் கிடக்கிறது, ஏற்றம் ஏறினால் முதுகு தொப்பல்தான். "ஒழுகுது" என்று பலர் திட்டுவது பெரும்பாலும் சொந்த வியர்வையைத்தான். எனக்குக் கைகொடுத்தது அக்குள் ஜிப். அது இல்லாத ஜாக்கெட் எவ்வளவு விலையானாலும் நம் பக்கத்துக்கு வேண்டாம்.

முதலில் தேய்ந்தது வெளித்துணியின் நீர்விலக்குப் பூச்சு. புதிதில் தண்ணீர் முத்துமுத்தாக உருண்டோடியது. பிறகு பை வார் உரசும் தோளிலும், தலை எண்ணெய் படும் காலரிலும் துணி தண்ணீர் குடித்துக் கருத்துப்போனது. அப்படி ஊறிவிட்டால் ஆவி போக வழியில்லை, உடம்பும் சில்லிடும். இப்போது வரும் ஃப்ளோரின் இல்லாத பூச்சுகள் எண்ணெய்க்கு இன்னும் சீக்கிரம் தோற்கின்றன. சூழலுக்கு நல்லது என்பதால் அதைப் பொறுத்துக்கொள்ளலாம்.

சோப்புத்தூள் போடுவதில்லை. திரவ சோப்பில் அலசி, நுரை போக இரண்டுமுறை நல்ல தண்ணீர். சூடு பட்டால்தான் நீர்விலக்குப் பூச்சு மறுபடி உயிர்பெறும். டிரையர் நம் வீடுகளில் ஏது? காய்ந்தபின் மேலே பருத்தித் துண்டு விரித்து, குறைந்த சூட்டில், நீராவி இல்லாமல் அயர்ன் பாக்ஸை ஓட்டுகிறேன். காலரில் தண்ணீர் மறுபடி உருள்கிறது. தோளுக்கு மட்டும் நீர்விலக்கு ஸ்ப்ரே அடிக்க வேண்டியிருந்தது.

விலை குறைவென்று பாலியூரிதேன் பூச்சு ஜாக்கெட் வாங்குபவர்கள் அதை ஈரத்தோடு சுருட்டிப் பைக்குள் வைக்காதீர்கள். ஈரமும் சூடும் சேர்ந்தால் பூச்சு பிசுபிசுத்து, செதில் செதிலாக உரியும். என்னுடையதில் தலைமூடி ஓரத்தில் தையல் துளைகளை மூடும் டேப் மட்டும் கிளம்பியிருக்கிறது. பசை வைத்து ஒட்டியிருக்கிறேன், ஜூனில் தெரியும்.